பன்னிரண்டாவது வரி

வீட்டில் ஒருவர் தனியாக உட்கார்ந்து சிரித்தால், எதைப் பார்த்துச் சிரிக்கிறார் என்று தெரிந்துகொள்ள விரும்புவது இயல்பு. நானும் அதைத்தான் விரும்பினேன். நீங்கள் கூப்பிட்டு நான் வரவில்லை, அதிகாரி அவர்களே. நானாக வந்தேன். உங்கள் எழுத்தரின் தமிழை நம்பாததால் என் கையாலேயே எழுதித் தருகிறேன். அடித்தல் திருத்தல் இருக்காது.

என் மகளின் தொழிலை உங்கள் கோப்பில் 'கணினி விளையாட்டு ஊழியர்' என்று எழுதியிருக்கிறீர்கள். அது சரியல்ல. ஜப்பானில் கதை விளையாட்டு என்று ஒரு வகை உண்டு. சுடுவது, ஓடுவது எதுவும் கிடையாது. திரையில் ஒரு படம், கீழே வசனம், கூடவே குரல். தட்டினால் அடுத்த வரி வரும். எப்போதாவது ஒரு முறை, இதைச் செய்வாயா அதைச் செய்வாயா என்று கேட்கும். நீங்கள் தேர்ந்தெடுப்பதைப் பொறுத்துக் கதை வேறு கிளையில் போகும். இந்த விளையாட்டுகளை என் மகள் தமிழுக்குக் கொண்டுவந்தாள். முப்பத்தொரு வயது. மொழிபெயர்ப்பாளர் என்று திருத்திக்கொள்ளுங்கள்.

முன்னறைச் சன்னல் ஓரம் அவள் மேசை. எதிரே என் நாற்காலி. என் மனைவி போன பிறகு ஒன்பது வருடங்களாக அந்த வீட்டில் நாங்கள் இருவர்தான். அவள் கதையைப் படித்துச் சிரித்திருந்தால் நான் செய்தித்தாளை இறக்கியிருக்க மாட்டேன். அவள் மெனுவைப் பார்த்துச் சிரித்தாள். கட்டம் கட்டமாக ஒரு பக்கம், நிறையப் புரியாத எழுத்து. அதைப் பார்த்து ஒருத்தி உதட்டைக் கடித்துக்கொண்டு சிரிக்கிறாள் என்றால், அந்தப் பக்கத்தில் வேறு யாரோ இருக்கிறார்கள்.

யார் என்று எனக்கு உடனே தெரிந்தது. நீங்கள் நான்கு மாதமாக உள்ளே வைத்திருக்கிறீர்களே, அந்த ஒலிப்பதிவுக்காரன்.

நான் பதிவு அலுவலகத்தில் முப்பத்தாறு வருடம் ஆவணம் சரிபார்த்தவன். என் பார்வைக்குத் தப்பிய போலி ஒன்றுகூட இல்லை. அந்த அலுவலகத்தில் இருபது வருடம் தரையைத் துடைத்து, என் மேசைக்குத் தேநீர் கொண்டுவந்து வைத்தவருடைய மகன் அவன். படித்து, வேறு ஊரில் குடியேறி, என் மகள் வேலை பார்க்கும் அதே நிறுவனத்துக்குக் குரல் பதிவுகளைச் சரிபார்த்துக் கொடுத்துக்கொண்டிருந்தான். அவன் படித்ததில் எனக்கு வருத்தமில்லை. ஊரில் யார் வேண்டுமானாலும் படிக்கட்டும்.

போன வருடம் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலையில் அவன் தகப்பன் என் வீட்டுக்கு வந்தார். இஸ்திரி போட்ட சட்டை, கையில் பழப் பை. உட்காரும்படி நான் சொல்லவில்லை. அவரும் எதிர்பார்க்கவில்லை.

"ஐயா, பிள்ளைங்க ரெண்டு பேரும் ஒரே வேலையில இருக்காங்க. உங்க காதுக்கும் வந்திருக்கும்."

"என்ன வந்திருக்கும்?"

"ஒருத்தரை ஒருத்தர் பிடிச்சிருக்குன்னு சொல்றாங்க, ஐயா. நான் கேக்குறது தப்புன்னா மன்னிச்சிடுங்க. உங்க பொண்ணுக்கு எங்க வீட்டுல ஒரு குறையும் வராது."

நான் குரலை உயர்த்தவில்லை. "டீ சாப்பிடுறியா?" என்று கேட்டேன். அவர் முகம் மலர்ந்துவிட்டது.

"சரி, சமையலறை அந்தப் பக்கம். எனக்கும் சேர்த்துப் போட்டு எடுத்துட்டு வா."

அவர் போனார், போட்டார், எடுத்து வந்து என் முன்னால் வைத்தார். எனக்கு அரைக் கரண்டி சர்க்கரை என்பது அவருக்கு நினைவிருந்தது. தனக்கு ஊற்றிக்கொள்ளவில்லை. பழப் பையை வாசலோரம் வைத்துவிட்டுப் போனார்.

உள்ளறைக் கதவில் நின்று என் மகள் பார்த்துக்கொண்டிருந்தாள். "அவர் உங்களைவிட மூணு வயசு பெரியவர்பா" என்றாள்.

"வயசைப் பார்க்காதே. மேசைக்கு எந்தப் பக்கம் நின்னார்னு பாரு."

அன்று மாலை அவள் தன் கைபேசியைக் கொண்டுவந்து என் மேசையில் வைத்தாள். "இந்தாங்க. போன்ல பேச மாட்டேன். கடிதம் எழுத மாட்டேன். வேலையை மட்டும் விட மாட்டேன். போதுமா?" போதும் என்றேன். சொன்ன சொல்லை அவள் எழுத்துப் பிசகாமல் காப்பாற்றினாள். போனிலும் பேசவில்லை, கடிதமும் எழுதவில்லை. எழுத்துப் பிசகாமல் காப்பாற்றிக்கொண்டே ஓர் ஒப்பந்தத்தை ஓட்டையாக்குவது எப்படி என்பதை முப்பத்தாறு வருடம் பார்த்தவன் நான். அதனால்தான் அந்தச் சிரிப்பு என்னை உறுத்தியது.

ஆகவே கேட்டேன். "உன் வேலை என்னன்னே எனக்குப் புரியலம்மா. சொல்லிக்கொடேன்."

அவள் நாற்காலியைத் திருப்பி என்னையே பார்த்தாள். "நிஜமாவா?"

"யாராவது கேட்டா நான் என்ன பதில் சொல்றது? பொண்ணு பொம்மை பார்க்குதுன்னா?"

இன்னொரு நாற்காலியை இழுத்துத் தன் பக்கத்தில் போட்டாள். அதை அவள் துணியால் துடைத்ததுகூட நினைவிருக்கிறது.

"பயப்படாதீங்கப்பா. இந்தக் கூர்கூரான எழுத்தெல்லாம் பாதி இங்கிலீஷ்தான், வேஷம் போட்டு வந்திருக்கு. இதை வாய்விட்டுப் படிச்சா சேவ். இது லோட். விட்ட இடத்துக்கு மறுபடி போறது."

"இது?"

"ஆட்டோ. நீங்க தட்டவே வேண்டாம். கேக்க ஆள் இருக்கோ இல்லையோ, அதுபாட்டுக்குச் சொல்லிக்கிட்டே போகும்."

"நம்ம பக்கத்து வீட்டு கண்டக்டர் மாதிரி."

அவளுக்குக் கண்ணில் நீர் வரும்வரை சிரிப்பு. அம்மா இறந்த பிறகு என் பேச்சுக்கு அவள் அப்படிச் சிரித்ததில்லை.

பதினைந்து நாள் பாடம் நடந்தது. தினமும் காலைச் சாப்பாட்டுக்குப் பிறகு ஒரு மணி நேரம். எதையாவது அழிக்கவோ மாற்றவோ போனால் அது நிச்சயமாகவா என்று கேட்கும். இரண்டு எழுத்து இருந்தால் ஆம், மூன்று எழுத்து இருந்தால் இல்லை. தமிழிலும் எண்ணிப் பார்த்தேன், சரியாகவே வந்தது. அமைப்புகள் பக்கத்தில் எழுத்து ஓடும் வேகம், பின்னணி இசை, சாளரத்தின் நிறம் எல்லாம் இருக்கும். கதையில் வரும் ஒவ்வொருவர் குரலுக்கும் தனித்தனிச் சத்தம் வைக்கலாம்.

"யாரைப் பிடிக்கலையோ அவங்களை மட்டும் பூஜ்யத்துல வச்சிடலாம்பா."

"அப்புறம்?"

"வாய் அசையும். குரல் வராது."

நல்ல ஏற்பாடு என்றேன்.

ஸ்கிப் என்பதில் இரண்டு வகை. படித்ததை மட்டும் தாவுவது ஒன்று, படிக்காததையும் சேர்த்துத் தாவுவது இன்னொன்று. இரண்டாவதைக் காட்டி, "இதை மட்டும் தொடாதீங்க. கதை எந்தப் பக்கம் போச்சுன்னே தெரியாமப் போயிடும்" என்றாள். எனக்காக ஒரு தாளில் அவள் கையெழுத்தில் ஜப்பானிய எழுத்தும் எதிரே தமிழ் அர்த்தமும் எழுதித் தந்தாள். பதினோரு வரிகள்.

சேவ் பக்கத்தில் இருந்த மெனுவில் பன்னிரண்டு வரிகள் இருந்தன.

எண்ணிப் பார்ப்பது என் தொழில். ஒரு சொத்துக்கு நான்கு எல்லை எழுத வேண்டிய இடத்தில் மூன்று எழுதியிருந்தால், மறைத்த அந்த ஒன்றில்தான் வில்லங்கம் இருக்கும். அவள் திங்கள், வியாழன் இரண்டு நாளும் நிறுவனத்துக்கு நேரில் போவாள். கணினிக்குக் கடவுச்சொல் வைத்ததில்லை. நம் வீட்டுக்குள் எதற்கு என்பாள். ஒரு திங்கட்கிழமை நான் அந்த மேசையில் உட்கார்ந்து, விடுபட்ட வரியைத் தாளில் பார்த்து வரைந்தேன். முதல் நான்கும் கூர் எழுத்துகள். அவள் சொல்லிக்கொடுத்தபடி ஒவ்வொன்றாகக் கூட்டினேன். கொ, மெ, ன், தொ. வாய்விட்டுச் சொல்லிப் பார்த்தேன். கமெண்ட்.

அவர்கள் வேலை இப்படி. குரலும் வசனமும் ஒட்டாத இடத்தில் அவள் கதையைச் சேவ் செய்வாள். ஒவ்வொரு சேவுக்கும் ஒரு கட்டம், அதில் அந்தக் காட்சியின் சின்னப் படம், தேதி, நேரம், ஒரு குறிப்பு. எழுதியவர் பெயர் வராது. நிறுவனத்தின் பொதுச் சேமிப்பு என்பதால் அடுத்த நிமிடமே அந்தக் கட்டம் அவன் ஊரில் அவன் திரையிலும் வந்துவிடும். அவன் அதைத் திறந்து கேட்டு, சரிசெய்து, பதில் குறிப்பு எழுதுவான். கட்டத்தில் குறிப்பின் முதல் இரண்டு சொல் மட்டும்தான் தெரியும். முழுவதும் படிக்க அந்தப் பன்னிரண்டாவது வரியைத் தட்ட வேண்டும். தமிழை ஆங்கில எழுத்தில் எழுதியிருந்தார்கள்.

நாற்பத்து மூன்று குறிப்புகள். எல்லாம் வேலையில் தொடங்கின. 'குரல் மெலிவு. உன் இருமல் நின்றதா?' 'மூச்சுச் சத்தம் அதிகம். நேற்று மாடி ஏறி வந்தாயா?' 'இந்த இடத்தில் அநாவசிய மௌனம். உங்கள் வீட்டிலும் அப்படித்தானா?' அசிங்கமாக ஏதாவது இருக்கும் என்று கடைசி வரை தேடினேன். இல்லை. அதை மறைத்து எனக்கு ஒன்றும் ஆகப்போவதில்லை. இருந்திருந்தால் எனக்கு எளிதாக இருந்திருக்கும்.

ஒரு குறிப்பு என்னைப் பற்றி. 'அப்பா மெனு கற்றுக்கொள்கிறார். ரொம்ப வேகம். இன்னும் கொஞ்ச நாளில் உன்னையும் கற்றுக்கொள்வார்.' அதை இரண்டு முறை படித்தேன். என் மகள் கபடில்லாதவள் என்பதற்குச் சான்றாக அதை நீங்கள் பயன்படுத்திக்கொள்ளலாம்.

கடைசிக் குறிப்பு அவனுடையது. 'இசை சரி. வியாழன் மதியம் பன்னிரண்டு மணிக்குப் பேருந்து ஏறுகிறேன். வெள்ளி பத்து மணி, பதிவு அலுவலகம். அப்பாவும் வருகிறார்.'

பதிவு அலுவலகம். வேறு ஊர் இல்லையா, வேறு அலுவலகம் இல்லையா. நான் முப்பத்தாறு வருடம் உட்கார்ந்த கூடம், நான் கையெழுத்துப் போடக் கற்றுக்கொடுத்த ஆட்கள். அவர்கள் முன்னால், தரை துடைத்தவர் சாட்சிக் கையெழுத்துப் போட, என் மகள் மணப்பெண்ணாக நிற்பாள். அன்று மாலைக்குள் ஊர் முழுக்கப் பேச்சு. நீங்கள் சின்ன வயசு. தலை நிமிர்ந்து நடப்பது என்பது உங்களுக்கு முதுகெலும்பு சம்பந்தப்பட்ட விஷயம். எனக்கு அது என் தகப்பனும் அவர் தகப்பனும் விட்டுப்போன சொத்து.

நான் அவளைத் திட்டவில்லை, பூட்டி வைக்கவில்லை, கை நீட்டவில்லை. அவளே வேண்டாம் என்று விடட்டும் என்று முடிவு செய்தேன். இதைவிட நாகரிகமான வழி ஒன்று இருந்தால் சொல்லுங்கள்.

வியாழக்கிழமை அவள் நிறுவனத்துக்குப் போனாள். அவன் பேருந்து பன்னிரண்டு மணிக்கு. வண்டியில் அவன் கணினியைத் திறக்க மாட்டான் என்று கணக்கிட்டேன். பன்னிரண்டே காலுக்கு விளையாட்டைத் திறந்தேன். அவனுடைய பழைய குறிப்பைத் திருத்தினால் நேரம் மாறாது, புதிய சேவ் வேண்டும். கதை தொடங்கிய இடத்திலேயே சேவ் செய்தால் சந்தேகம் வரும், கொஞ்சம் உள்ளே போக வேண்டும். பனி பெய்யும் ஊரில் தபால் நிலையம் நடத்தும் ஒருத்தியின் கதை அது என்று அவள் சொல்லியிருந்தாள். எனக்கு அதைப் படிக்கும் எண்ணமில்லை. படிக்காததையும் தாவும் அமைப்பை வைத்தேன். ஓரிடத்தில் நின்று மூன்று வழி கேட்டது. மூன்றாவதைத் தட்டி, சேவ் செய்தேன். பிறகு குறிப்பு. அவனைப்போலவே வேலையில் தொடங்கினேன்.

'குரல் சரி. நான் வரவில்லை. வீட்டில் வேறு பெண் பேசி முடித்துவிட்டார்கள். இனி எழுதாதே.'

நிச்சயமாகவா என்று கேட்டது. இரண்டு எழுத்தைத் தட்டினேன். ஸ்கிப் அமைப்பைப் பழையபடி வைத்துவிட்டு, நாற்காலியை இருந்த இடத்தில் தள்ளினேன்.

வெள்ளிக்கிழமை காலை ஆறு மணிக்கு அவள் நடந்துவிட்டு வருவதாகச் சொல்லிப் போனாள். ஒன்பதரை வரை வரவில்லை. அதையும் மீறி அங்கே போய்விட்டாளோ என்று எனக்குத் தோன்றியது. சட்டையை மாட்டிக்கொண்டு பதிவு அலுவலகத்துக்கு நடந்தேன். எதிர்ச் சாரியில், நகல் எடுக்கும் கடை ஓரத்தில் நின்று பார்த்தேன். படிக்கட்டில் அவனும் அவன் தகப்பனும் மட்டும் நின்றார்கள். அவன் தெருவின் இரண்டு முனையையும் மாற்றி மாற்றிப் பார்த்துக்கொண்டிருந்தான். பதினொன்று வரை நின்றேன். அவள் வரவில்லை. நிம்மதியாக வீட்டுக்குத் திரும்பி, வயிறாரச் சாப்பிட்டேன். அவளைத் தேடவில்லை. பசித்தால் வருவாள் என்று இருந்தேன்.

பிற்பகல் அவன் என் வாசலுக்கு வந்தான். அவள் பார்க்க விரும்பவில்லை என்றேன். நம்பிவிட்டான்.

சனிக்கிழமை உங்கள் ஆட்கள் அவளை ஏரியிலிருந்து எடுத்தார்கள்.

அடுத்தது உங்களுக்குத் தெரியும். கணினியை நானே ஒப்படைத்தேன். உங்கள் நிபுணருக்கு அந்த மெனு விளங்கவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து, எது சேவ், எது லோட், குறிப்பை எங்கே தட்டிப் பார்ப்பது என்று வரிவரியாகச் சொல்லிக்கொடுத்தது நான். நீங்கள் எனக்கு நன்றி சொல்லி, குடிக்கத் தண்ணீர் வரவழைத்தீர்கள். தான் எழுதவில்லை என்று அவன் கத்தினான். பேருந்திலிருந்தும் எழுதலாமே என்றீர்கள். அவன் தகப்பன் என் வாசலில் வந்து நின்றார்.

"என் பையன் அப்படி எழுத மாட்டான், ஐயா. உங்களுக்கே தெரியும். நீங்க ஒரு வார்த்தை சொன்னா விட்டுடுவாங்க."

"சட்டம் பார்த்துக்கும்" என்றேன்.

இப்போது ஏன் வந்தேன் என்று நீங்கள் கேட்பீர்கள். மனசாட்சி என்று எழுதிவிடாதீர்கள். போன வாரம் நீதிமன்றத்தில் உங்கள் குற்றப்பத்திரிகையைப் படித்தார்கள். 'காதலனால் ஏமாற்றப்பட்டுக் கைவிடப்பட்ட பெண்' என்று என் மகளைச் சொன்னார்கள். கூடம் முழுக்க உச்சுக்கொட்டியது. பக்கத்து வீட்டு கண்டக்டர் என் தோளைத் தட்டி, "ஏமாந்துடுச்சு, பாவம், விடுங்க" என்கிறார். தேநீர் கொண்டுவந்தவர் மகன் என் வீட்டுப் பெண்ணை வேண்டாம் என்று சொன்னதாக ஊர் பேசுகிறது. அவன் சொல்லவில்லை. அந்த வார்த்தைகள் என்னுடையவை. அவனுக்கு அந்தத் தகுதியை யார் கொடுத்தது? அந்த வரியை அடியுங்கள். அதற்காக அவனை விட வேண்டும் என்றால் விடுங்கள்.

ஆதாரமும் தருகிறேன். அந்தக் கட்டத்தின் சின்னப் படத்தைப் பாருங்கள். தபால் நிலையத்தின் பின்கட்டு, அதாவது கதையின் மூன்றாவது கிளை. நிறுவனத்தில் அவனுக்குக் கொடுத்தது முதல் கிளை மட்டும். மற்ற இரண்டையும் வேறொருவர் பார்த்தார். அந்த இடத்தில் அவன் ஒரு சேவும் செய்ததில்லை, செய்யவும் வேலையில்லை. படிக்காமல் தாவியதால் வந்த பிழை. என் வாழ்நாளில் ஆவணத்தில் நான் செய்த ஒரே பிழை.

நான் கொன்றேன் என்று எழுத வேண்டுமா, எழுதிக்கொள்ளுங்கள். கையெழுத்துப் போடுகிறேன். ஆனால் நீங்கள் கேட்காத ஒன்றையும் அதில் சேர்க்க வேண்டும்.

அந்தப் பிழையை அவள் கண்டுபிடித்துவிட்டாள். வியாழன் மாலை வந்து, அந்தக் குறிப்பைப் படித்து, அந்தக் கட்டத்தின் படத்தை அரை மணி நேரம் திறந்து திறந்து பார்த்தாள். பிறகு எழுந்து என் நாற்காலிக்கு முன்னால் வந்து நின்றாள்.

"அப்பா, என் கம்ப்யூட்டரைத் தொட்டீங்களா?"

"ஏன்?"

"ஒரு சேவ் மூணாவது கிளையில இருக்கு. அவர் அந்தப் பக்கமே போக மாட்டார். தொட்டிருந்தா சொல்லிடுங்கப்பா. கோவப்பட மாட்டேன், சத்தியமா. தொட்டேன்னு மட்டும் சொல்லுங்க."

அவள் கெஞ்சினாள் என்று இப்போது தோன்றுகிறது. அப்போது தோன்றவில்லை. நான் செய்தித்தாளை மடித்து வைத்துவிட்டு, அவள் கண்ணைப் பார்த்து, "உன் பொருளை நான் எதுக்கும்மா தொடப்போறேன்?" என்றேன்.

"நீங்க சொன்னா சரிதான்பா" என்றாள். போய் எனக்குச் சாப்பாட்டுத் தட்டு எடுத்து வைத்தாள்.

அவளுக்கு முன்னால் இரண்டு பேர் இருந்தோம், அதிகாரி அவர்களே. நாற்பத்து மூன்று குறிப்பில் அவளோடு பேசியவன் ஒருவன், தகப்பன் ஒருவன். கையில் ஆதாரத்தை வைத்துக்கொண்டு, அவள் என்னை நம்பினாள். என் வளர்ப்பில் எந்தக் குறையும் இல்லை என்பதற்கு எனக்கு வேறு சான்று வேண்டியதில்லை.